'சமய மறுப்பாளர்' என்று யாரைச் சொல்கிறீர்கள்?

இங்கிலாந்துக் கத்தோலிக்கரின் வரலாற்றைப் பற்றித் தமிழில் வரும் எழுத்து மிகக் குறைவு. அந்தக் கொஞ்சத்திலும் 'ரெக்யூசன்ட்' என்ற சொல் எதிர்ப்படும் இடமெல்லாம் 'சமய மறுப்பாளர்' என்று போட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். பதினாறாம் நூற்றாண்டில் இங்கிலாந்து ரோமிலிருந்து பிரிந்தபின், அரசு ஏற்படுத்திய புராட்டஸ்டன்ட் வழிபாட்டுக்குப் போக மறுத்தவர்களை, பெரும்பாலும் கத்தோலிக்கரை, குறிக்கும் சொல் அது. அண்மையில் ஒரு மொழிபெயர்ப்பில் 'சமய மறுப்பாளர் வரலாறு என்னும் கத்தோலிக்க ஆய்விதழ்' என்று படித்ததும் பொறுமை போய்விட்டது. சமயத்தை மறுத்தவர்களுக்குக் கத்தோலிக்கர் எதற்காக இதழ் நடத்த வேண்டும் என்று மொழிபெயர்த்தவருக்கும் தோன்றவில்லை, மெய்ப்புப் பார்த்தவருக்கும் தோன்றவில்லை.

இதழ் எது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். 1904இல் தொடங்கப்பட்ட கத்தோலிக் ரெக்கார்ட் சொசைட்டி, புராட்டஸ்டன்ட் சீர்திருத்தக் காலத்துக்குப் பிந்தைய இங்கிலாந்துக் கத்தோலிக்கரைப் பற்றிய மூல ஆவணங்களைத் தொகுதி தொகுதியாக அச்சிட்டுவரும் அமைப்பு. 1951இல் வேறொரு பெயரில் தோன்றிய இதழ் ஒன்று, சில ஆண்டுகளில் 'ரெக்யூசன்ட் ஹிஸ்டரி' ஆகி, அந்தச் சங்கத்தின் இதழாக நெடுங்காலம் வந்தது. 2015 முதல் அதன் பெயர் 'பிரிட்டிஷ் கத்தோலிக் ஹிஸ்டரி'.

சொல்லின் வேர் எளிது. இலத்தீனில் 'ரெகுசாரே' என்றால் ஏற்க மறுத்தல், ஆட்சேபித்தல். வழக்கு, காரணம் என்று பொருள்படும் 'கௌசா' அதற்குள் இருக்கிறது. ஆகவே பிறப்பிலேயே நீதிமன்ற வாடை உள்ள சொல். நீதிபதி ஒரு வழக்கிலிருந்து ஒதுங்கிக்கொள்வதற்கு ஆங்கிலத்தில் வழங்கும் சொல்லும் இதே வேரிலிருந்து வந்ததுதான். நம் நாளிதழ்கள் அதை 'விசாரணையிலிருந்து விலகினார்' என்று சரியாகவே எழுதுகின்றன. அதைப் பார்த்துவிட்டு ரெக்யூசன்டை 'விலகியோர்' ஆக்க நினைப்பவர்களுக்கு ஒன்று சொல்லலாம்: அவர்கள் எதிலிருந்தும் விலகவில்லை. இருந்த இடத்திலேயே இருந்தார்கள். நாடுதான் கத்தோலிக்கத்திலிருந்து விலகிப் போனது.

வேர் 'மறு' என்று சொல்கிறது, அகராதியும் அதையே சொல்கிறது, பிறகென்ன என்று கேட்பார்கள். எதை மறுத்தார்கள் என்பதுதான் கேள்வி. 1559ஆம் ஆண்டுச் சட்டப்படி, இங்கிலாந்தில் இருக்கும் ஒவ்வொருவரும் ஞாயிறும் திருநாளும் தம் பங்கின் ஆலயத்தில் நடக்கும் அரசு வழிபாட்டுக்கு வந்தாக வேண்டும். வராவிட்டால் ஒவ்வொரு முறைக்கும் 12 பென்ஸ் தண்டம். முதலாம் எலிசபெத்தின் ஆட்சியில் இந்தக் கயிறு மேலும் மேலும் இறுகியது. 1581இல் தண்டம் மாதத்துக்கு 20 பவுண்டு ஆனது. மாதம் என்றால் நான்கு வாரம் என்று கணக்கிட்டதால் ஆண்டுக்குப் பதின்மூன்று மாதம், 260 பவுண்டு. பெருநிலக்கிழார் தவிர யாராலும் கட்ட முடியாத தொகை. கட்டத் தவறியவரின் நிலத்தில் மூன்றில் இரண்டு பங்கை அரசே எடுத்துக்கொள்ள அடுத்த சில ஆண்டுகளில் வழி செய்தார்கள். 1593இல் வீட்டிலிருந்து ஐந்து மைலுக்கு மேல் போகக் கூடாது என்ற கட்டுப்பாடும் சேர்ந்தது. இத்தனையும் எதற்கு? ஒரு கட்டடத்துக்குள் ஞாயிற்றுக்கிழமை காலடி வைக்க மறுத்ததற்கு.

இவர்களையா 'சமய மறுப்பாளர்' என்பது? தமிழ்நாட்டில் 'மறுப்பாளர்' என்ற சொல்லுக்குத் தனி வரலாறு உண்டு. பெரியார் சிலைகளின் பீடத்தில் பொறித்திருப்பது கடவுள் மறுப்பு வாசகம். 'கடவுள் மறுப்பாளர்' என்றால் நாத்திகர் என்று பள்ளிப் பிள்ளைக்கும் தெரியும். அந்த அச்சிலேயே வார்த்த 'சமய மறுப்பாளர்' என்ற தொடர், படிப்பவர் மனத்தில் நேராகப் பகுத்தறிவுக் கழகத்துக்குத்தான் போகும். சமயத்துக்காகச் சொத்தை இழந்தவர்களைச் சமயமே வேண்டாம் என்றவர்கள் ஆக்குகிற இந்த வேலையைப் பிழை என்று மட்டும் சொல்லி விட்டுவிட எனக்கு மனமில்லை. செத்தவர்களுக்கு எதிராகப் பொய்ச்சாட்சி சொல்வது போன்றது இது.

கிறித்தவத் தமிழின் பழைய வழக்கை எடுத்துக்கொண்டாலும் சொல் உதவவில்லை. தரங்கம்பாடியின் லுத்தரன் புராட்டஸ்டன்ட்களுக்கு எதிராகக் கத்தோலிக்கக் குருவான வீரமாமுனிவர் எழுதிய நூலின் பெயர் 'பேதகமறுத்தல்'. அங்கே மறுத்தல் என்றால் எதிராளியின் கொள்கையை வாதத்தால் முறியடித்தல். மறுப்பு நூல், மறுப்புரை எல்லாம் அந்த வழிதான். இங்கிலாந்தின் ரெக்யூசன்ட்களில் பெரும்பாலோர் ஒரு வரி வாதமும் எழுதாத குடியானவர்கள், வேலைக்காரர்கள், பெண்கள். அவர்கள் செய்ததெல்லாம் போகாமல் இருந்தது மட்டுமே.

'எதிர்ப்பாளர்' இன்னும் மோசம். புராட்டஸ்டன்ட் என்பதையே அப்படித் தமிழாக்கியவர்கள் உண்டு. கத்தோலிக்கரை அந்தச் சொல்லால் குறித்தால் வாசகர் எந்தப் பக்கத்தில் நிற்கிறார் என்பதே அவருக்குத் தெரியாமல் போகும். 'பூசை மறுத்தோர்' என்று ஒருவர் எழுதியதையும் பார்த்தேன். பூசைக்காகத்தானே ஐயா அவ்வளவு பாடும்! கத்தோலிக்கர் பூசை என்பது திருப்பலியை. அதைச் சொல்லும் குருவை வீட்டுச் சுவருக்குள் ஒளித்துவைத்தவர்கள் அவர்கள்.

வம்பே வேண்டாம், 'கத்தோலிக்கர்' என்றே போட்டுவிடலாம் என்பது அடுத்த யோசனை. அதுவும் சரிப்படாது. கத்தோலிக்க மனத்தோடு ஆலயத்துக்குப் போய் உட்கார்ந்துவிட்டு வந்தவர்கள் ஏராளம். அவர்களுக்கு அன்றைக்கே 'சர்ச் பேப்பிஸ்ட்', அதாவது ஆலயத்துக்குப் போகும் போப்பாண்டவர் கட்சிக்காரர், என்று கேலிப்பெயர் இருந்தது. சொத்தைக் காப்பாற்றக் கணவன் போவான், மனைவி வீட்டிலேயே இருந்துவிடுவாள். சட்டத்தின் கண்ணில் அவள் ரெக்யூசன்ட், அவன் இல்லை. இருவரையும் ஒரே சொல்லில் அடக்கினால் அந்த வீட்டுக்குள் நடந்த நாடகம் காணாமல் போகிறது. மறுபக்கம், அரசு வழிபாடு போதிய அளவுக்குச் சீர்திருந்தவில்லை என்று வராமல் இருந்த புராட்டஸ்டன்ட்களும் உண்டு. 1593இல் அவர்களுக்கென்றும் தனிச் சட்டம் வந்தது.

நான் எழுதுவது 'வர மறுத்தோர்' என்று. முதல் முறை 'அரசு வழிபாட்டுக்கு வர மறுத்தோர்' என்று விரித்து எழுதிவிட்டால், பிறகு சுருக்கிக்கொள்ளலாம். இதில் பகட்டு இல்லை, வடமொழி இல்லை, விளக்கக் குறிப்பு தேவையில்லை. தூய தமிழ் அன்பர்கள் சிலர் 'வாரா மறுப்பர்' போன்று எதையாவது செதுக்கித் தருவார்கள். செய்யுளுக்கு வைத்துக்கொள்ளட்டும்.

'வராதோர்' என்று இன்னும் சுருக்கலாமே என்றால், கூடாது. தக்க காரணமின்றி வராமல் இருப்பதைத்தான் சட்டம் குற்றமாக்கியது. ஷேக்ஸ்பியரின் தந்தை ஜான் ஷேக்ஸ்பியர் 1592இல் வார்விக்ஷயரில் ஆலயத்துக்கு வராதவர்களைப் பற்றி எடுத்த பட்டியலில் வருகிறார். அவர் உள்ளிட்ட ஒன்பது பேரின் பெயரருகே, கடன் வழக்கில் பிடித்துவிடுவார்கள் என்ற அச்சத்தால் இவர்கள் வரவில்லை போலும் என்று எழுதியிருக்கிறது. அது உண்மையா, கத்தோலிக்கப் பற்றை மூடிவைத்த சாக்கா என்று அறிஞர்கள் இன்றும் அடித்துக்கொள்கிறார்கள். அவர் வராதவர் என்பதில் யாருக்கும் ஐயமில்லை. மறுத்தவரா என்பதுதான் முழு வழக்கும். இரண்டுக்கும் ஒரே சொல்லைப் போடுகிற மொழிபெயர்ப்பாளர் அந்த வழக்கைத் தானே தீர்த்துவைத்துவிடுகிறார்.

அகராதியைத் திறந்தவுடன் கண்ணில் படும் முதல் சொல்லை எடுத்து ஒட்டுகிற இந்தப் பழக்கம் சங்கங்கள், இதழ்களின் பெயர்களையும் விடவில்லை. கத்தோலிக் ரெக்கார்ட் சொசைட்டி 'கத்தோலிக்கப் பதிவுச் சமூகம்' ஆகிறது. பத்திரப்பதிவு அலுவலக வாசலில் கூட்டம் நிற்கிற தோற்றம். 'ஆவணக் கழகம்' என்றால் தீர்ந்தது. 'சபை' என்று போட்டாலும் வில்லங்கமே, ஏனென்றால் கத்தோலிக்கத் தமிழில் சபை என்றால் துறவற சபை. ரோமில் இயேசு சபையினர் 1932இல் தொடங்கிய வரலாற்று இதழின் இலத்தீன் பெயரில் வரும் 'சொசியேட்டாஸ்' என்ற சொல்லைச் சபை என்றுதான் எழுத வேண்டும். ஆவணம் அச்சிடும் அறிஞர் கூட்டத்துக்கு அதே சொல் ஆகாது. அமெரிக்காவில் 1915 முதல் வெளிவரும் 'கத்தோலிக் ஹிஸ்டாரிக்கல் ரிவ்யூ'வைக் 'கத்தோலிக்க வரலாற்று விமர்சனம்' என்று எழுதுகிறார்கள். கத்தோலிக்க வரலாற்றை யாரோ திட்டுகிறார்கள் என்று படிப்பவர் நினைத்தால் தவறு படிப்பவருடையது அன்று. ஆய்விதழ் என்ற நல்ல சொல் கையில் இருக்கிறது.

இதழின் பெயரைத் தலைப்பாகச் சுட்டும்போது ஒலிபெயர்த்தே எழுதுங்கள், நூலகத்தில் தேடுபவருக்கு அதுதான் கிடைக்கும். பொருளை ஒரு முறை பக்கத்தில் தமிழில் சொன்னால் போதும். 1592 முதல் அரசுக் கருவூலம் எழுதிவைத்த 'ரெக்யூசன்ட் ரோல்'களை மட்டும் முழுவதும் தமிழாக்கலாம், ஏனென்றால் அது பெயராக இருப்பதைவிட விவரிப்பாகவே இருக்கிறது: வர மறுத்தோரின் தண்டக் கணக்கு. முதல் சுருளை அந்த ஆவணக் கழகம் 1916இல் அச்சிட்டது. யார் எவ்வளவு கட்ட வேண்டும், யாருடைய எந்த நிலம் பறிபோனது என்பதுதான் அதில் இருக்கிறது. 'சமய மறுப்பாளர் பட்டியல்' என்ற தலைப்போடு அதைத் திறக்கும் தமிழ் மாணவர் நாத்திகர்களைத் தேடிக்கொண்டிருப்பார்.