“நான் அங்கே இல்லை” என்பதை எப்போது சொல்ல வேண்டும்?

அட்டன், நுவரெலியா நீதிமன்றங்களுக்கு வருகிற தோட்டத்து இளைஞர்கள் பலர் எடுத்த எடுப்பிலேயே, “ஐயா, சம்பவம் நடந்த நேரம் நான் தோட்டத்திலேயே இல்லை. முன்பிணை எடுத்துவிட்டால் வழக்கு முடிந்துவிடும்தானே?” என்று கேட்கிறார்கள். கைதாகும் முன்பே கேட்கும் பிணைதான் முன்பிணை. இந்தியத் தொலைக்காட்சிச் செய்திகளில் அது ‘முன்ஜாமீன்’ என்ற பெயரில் அடிக்கடி அடிபடுவதால் வந்த நம்பிக்கை இது.

இந்தியாவிலேயே அப்படி முடிவதில்லை. 2024 ஜூலை 1 முதல் அங்கே முன்ஜாமீன் கேட்பது பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 482ஆம் பிரிவின் கீழ். அதற்கு முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 438ஆம் பிரிவு. வேறிடத்தில் இருந்தேன் என்ற வாதம் உண்மையா என்பதை அந்தக் கட்டத்தில் நீதிமன்றம் முடிவாகத் தீர்ப்பதில்லை. விசாரணையில் அதை நிரூபிக்கும் சுமையும் சொல்பவர் தலையில்தான். அது பாரமான சுமை என்று பினய் குமார் சிங் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

நம் இலங்கையில் முன்பிணை, 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டத்தில் இருக்கிறது. பொலிஸ் பொறுப்பதிகாரிக்கு அறிவித்தல் கொடுத்து, சத்தியக் கடதாசியுடன் நீதவானிடம் மனுச் செய்ய வேண்டும். நீங்கள் தலைமறைவாவீர்களா, சாட்சிகளை மிரட்டுவீர்களா என்பதே அங்கே பெரிதாகப் பார்க்கப்படும். குற்றவாளியா இல்லையா என்பதை அந்த மனு தீர்க்காது.

நிரூபிக்கும் சுமையில் நம் சட்டம் இளகியது. வேறிடத்தில் இருந்ததை எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) நிரூபிக்கத் தேவையில்லை. அவருடைய சாட்சியம் நியாயமான சந்தேகத்தை எழுப்பினாலே போதும். ஆனால் காலத்தில் கறாரானது. மேல் நீதிமன்றத்தில் குற்றப்பத்திரத்தின் பேரில் விளக்கம் (வழக்கு விசாரணை) நடக்கும்போது இந்த வாதத்துக்குச் சாட்சி அழைக்க வேண்டுமானால், அதை முன்கூட்டியே சொல்லியிருக்க வேண்டும்: பொலிஸ் வாக்குமூலத்தில், அல்லது ஆரம்ப விசாரணையில், அல்லது விளக்கம் தொடங்க 14 நாட்களுக்கு முன்னதாகச் சட்டமா அதிபருக்கு அறிவித்து. குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தில் 2005ஆம் ஆண்டுத் திருத்தம் கொண்டுவந்த 126அ பிரிவு இது. எந்த நேரம், எந்த இடம், யார் சாட்சி என்ற விபரமும் வேண்டும். தவறினால், போதிய காரணம் காட்டி நீதிமன்றத்தின் அனுமதியைக் கேட்டு நிற்க வேண்டியதுதான்.

நம் மக்கள் இடறுவது வாக்குமூலத்தில்தான். பயத்தில் “எனக்கு ஒன்றும் தெரியாது சேர்” என்று மட்டும் சொல்லி, சிங்களத்தில் எழுதியதை வாசிக்கத் தெரியாமலே கையெழுத்து வைத்துவிடுகிறார்கள். பிறகு சத்தியக் கடதாசியில் “அன்று கொழும்பில் இருந்தேன்” என்று வந்தால், இவ்வளவு நாள் ஏன் சொல்லவில்லை என்ற கேள்வி நிச்சயம் வரும். வாக்குமூலத்தை உங்களுக்குப் புரியும் மொழியில் விளக்கச் சொல்லவும், விடுபட்டதைச் சேர்க்கச் சொல்லவும் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 110ஆம் பிரிவு உரிமை தருகிறது. கேளுங்கள். கேட்பது மரியாதைக் குறைவு அல்ல.

சான்றுகளையும் நிதானமாகப் பார்க்க வேண்டும். செக்ரோலில் (தோட்டத்து வேலை வரவுப் பதிவேட்டில்) பேர் விழுந்திருப்பது நல்ல ஆதாரம்தான். ஆனால் பகல் வேலைக்குப் போனதைத்தான் அது காட்டும். இரவு ஏழு மணிக்கு லயக் குடியிருப்பில் நடந்த அடிதடிக்கு அது உதவாது. மாலைக் கொழுந்து நிறுவையில் உங்களைப் பார்த்த கணக்கப்பிள்ளையும் அந்த நேரம்வரைதான் சாட்சி. தொலைபேசிக் கோபுரப் பதிவை நம்பிப் பலர் வருகிறார்கள். மலையில் ஒரே கோபுரம் பக்கத்துத் தோட்டத்தையும் சேர்த்தே பிடிக்கும். ஆகவே மேல் டிவிசனில் இருந்தேன், கீழ் டிவிசனில் இல்லை என்பதற்கு அது போதாது. கொழும்புக் கடையில் வேலை செய்பவராக இருந்தால் கடையின் வரவுப் பதிவும் சிசிடிவி காட்சியும் பெறுமதியானவை. காட்சிகள் நாளடைவில் அழிந்துவிடும் என்பதால், பிரதி கேட்டு முதலாளிக்கு உடனே கடிதம் கொடுத்து, அதன் நகலை வைத்திருங்கள்.

நடக்காத பயணத்துக்கு உறவினரைச் சாட்சியாக்குவதை மட்டும் தயவுசெய்து செய்யாதீர்கள். குறுக்கு விசாரணையில் மாட்டிக்கொள்வது அந்த அக்காவோ மாமாவோதான். பொய்ச் சாட்சியம் தனிக் குற்றம்.

சட்டத்தரணிக்குக் கொடுக்கப் பணம் இல்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்தை நாடலாம். பொலிஸ் கூப்பிட்ட அன்றே போங்கள். குற்றப்பத்திரம் கைக்கு வரும்வரை காத்திருக்க வேண்டாம்.