ஒரு மணி நேரம் இருக்கிறதா, ஒரு மண்டபம் போதும்

எங்கள் ஊருக்குச் சுற்றிப் பார்ப்பதற்கென்றே வருகிறவர்கள் குறைவு. வேலூரில் வந்து இறங்கும் வெளியூர்க்காரர்களில் பெரும்பாலோர் மருத்துவமனைக்கு வருகிறவர்கள். காலையில் பரிசோதனைக்கு ரத்தம் எடுத்தாயிற்று, ரிப்போர்ட் மாலையில்தான். நோயாளி லாட்ஜில் கண்ணயர்ந்திருக்கிறார். கூட வந்தவருக்கு அந்தச் சின்ன அறையில் இருப்புக் கொள்ளவில்லை. ஆட்டோ பிடித்துக் கோட்டைக்கு வருகிறார். "ஒரு மணி நேரம்தான் இருக்கிறது, எல்லாவற்றையும் காட்டிவிடுங்கள்" என்கிறார். கொல்கத்தா, டாக்கா, ராஞ்சி என்று எங்கிருந்து வந்தவரானாலும் இதே வாக்கியம்தான். வழிகாட்டி வேலைக்காக நான் கற்றுக்கொண்ட வங்காளத்தில் எனக்கு முதலில் புரிந்ததும் அதுதான்.

"எல்லாம்" என்றால் கோட்டைச் சுவர், அகழி, ஜலகண்டேஸ்வரர் கோயில், தேவாலயம், மசூதி, அருங்காட்சியகம், திப்புவின் குடும்பத்தார் வைக்கப்பட்டிருந்த மகால். ஆட்டோக்காரர் ஆசை காட்டியிருந்தால் ஸ்ரீபுரம் பொற்கோயிலும் சேர்ந்துகொள்ளும். கோட்டை மட்டுமே 133 ஏக்கர். பொற்கோயிலின் நட்சத்திர வடிவப் பாதையில் நடந்து வெளியே வரவே ஒரு மணி நேரம் பற்றாது. ஆனாலும் தொழிலுக்கு வந்த புதிதில் முடியாது என்று நான் யாரிடமும் சொன்னதில்லை. நாற்பத்தைந்து நிமிடத்தில் கோட்டையை ஒரு சுற்று சுற்றிக் கொண்டுவந்து விட்டுவிடுவேன்.

அவசரமாகச் சுற்றினால் பொய் தானாகவே வந்துவிடும் என்பதை அப்போதுதான் கற்றேன். ஓடிக்கொண்டே ஒரு தூணின் அமைப்பை விளக்க முடியாது, ஓடிக்கொண்டே கதை சொல்லலாம். அகழியைக் கடக்கும்போது, "இதில் 10,000 முதலைகள் இருந்தன" என்பேன். அத்தனை முதலைகளுக்கும் தினமும் தீனி போட்டது யார் என்று நானும் யோசித்ததில்லை, கேட்டவரும் யோசித்ததில்லை. அடுத்தது விரிஞ்சிபுரம் வரை போகும் சுரங்கப்பாதை. ஆய்வாளர்கள் தேடியும் அப்படி ஒரு வழி கிடைக்கவில்லை, ஆனால் வழிகாட்டிகளின் வாயில் அது இன்னும் திறந்தே இருக்கிறது. மூன்றாவது, கோயிலின் கல்யாண மண்டபத்தைப் பிரித்து இங்கிலாந்துக்குக் கொண்டுபோக வெள்ளைக்காரன் திட்டமிட்டான், ஏற்றிப்போக வந்த கப்பல் கடலில் மூழ்கியதால் மண்டபம் தப்பியது என்பது. இது நல்ல கதை. இன்றும் சொல்கிறேன், கதை என்று சொல்லிவிட்டுச் சொல்கிறேன்.

என்னை நிறுத்தியவர் மேற்கு வங்கத்து மால்டா பக்கத்திலிருந்து வந்திருந்த ஒரு கொத்தனார். மனைவிக்கு அறுவை சிகிச்சை முடிந்து நான்காவது நாள். முதலை, சுரங்கம், கப்பல் மூன்றையும் வரிசையாக ஒப்பித்துக்கொண்டு மண்டபத்துக்குள் அவரை அழைத்துப் போனேன். கப்பல் மூழ்கும் கட்டத்தில் திரும்பிப் பார்த்தால் மனிதர் என் பக்கமே இல்லை. அண்ணாந்து கொடுங்கையைப் பார்த்துக்கொண்டு நின்றார். தூண் வரிசைக்கு மேலே வெளிப்புறமாக வளைந்து இறங்கும் அந்தக் கல் இறவாரத்தைத்தான் கொடுங்கை என்கிறோம். ஓட்டு வீட்டுத் தாழ்வாரம்போல மழைநீரை வழித்துவிடுவதுதான் அதன் வேலை. ஒரே கல்லை முன்னும் பின்னும் குடைந்து அந்த வளைவை எடுத்திருப்பார்கள். "இதைக் கீழே செதுக்கி மேலே ஏற்றினார்களா, ஏற்றிவிட்டுச் செதுக்கினார்களா?" என்று கேட்டார். எனக்குத் தெரியவில்லை. தெரியாது என்று சொல்லவும் அப்போது பழகியிருக்கவில்லை. ஏதோ சொல்லி மழுப்பினேன். அவர் சிரித்த சிரிப்பிலேயே தொழில் தெரிந்தவர் என்பது தெரிந்துவிட்டது.

பிறகு ஒரு ஸ்தபதியைத் தேடிப் போய்க் கேட்டேன். உருவத்தைத் தரையில் வைத்து ஏறக்குறைய முடித்துவிட்டு, தூக்கிப் பொருத்திய பின் இணைப்பு வாயையும் நுணுக்க வேலையையும் மேலே வைத்துச் செய்வதுதான் வழக்கம் என்றார். பாதியில் விட்ட வேலை உள்ள கோயில்களில் உளி எங்கே நின்றதென்று பார்த்தாலே விளங்கும் என்றும் சொன்னார். அன்றிலிருந்து என் ஒரு மணி நேரச் சுற்று மாறிவிட்டது.

இப்போது கோபுர வாசலைத் தாண்டியதும் இடப்பக்கம் திரும்பி நேராகக் கல்யாண மண்டபத்துக்குப் போகிறேன். தரிசனம் வேண்டுமென்பவர்கள் முதலில் தரிசனம் செய்துகொள்ளட்டும். இது காட்சிப்பொருள் அல்ல, பூசை நடக்கும் கோயில். நீண்ட காலம் மூலவர் இல்லாமல் கிடந்த கோயில் இது. கோட்டையில் படைகள் இருந்த காலத்தில் ஆயுதக் கிடங்காகவும் இருந்தது. சத்துவாச்சாரியில் வைத்திருந்த லிங்கத்தை 1981 மார்ச் 16 அன்று கொண்டுவந்து மீண்டும் நிறுவினார்கள். அந்த நாளைப் பற்றி எங்கள் ஊர்ப் பெரியவர்கள் பேசக் கேட்க வேண்டும், குரலே மாறிவிடும்.

மண்டபம் 16ஆம் நூற்றாண்டு விஜயநகரக் கால வேலை. முகப்பில் குதிரைகளும் யாளிகளும் முன்னங்கால் தூக்கி நிற்கின்றன, மேலே வீரர்கள். எல்லோரும் அங்கேதான் படம் எடுத்துக்கொள்கிறார்கள். நான் உள்ளே அழைத்துப்போய் விதானத்தை அண்ணாந்து பார்க்கச் சொல்கிறேன். நடுவில் தொங்கும் ஒன்றைச் சுற்றிக் கிளிகள் வட்டமாகத் தலைகீழாகக் கவிந்திருக்கின்றன. கழுத்து வலிக்க வலிக்கப் பார்ப்பார்கள். அப்புறம்தான் ரிஷப குஞ்சரம்: ஓர் உடலில் காளை, ஓர் உடலில் யானை, இரண்டுக்கும் பொதுவாக ஒரே தலை. ஒரு பக்கத்தை மறைத்தால் மிச்சம் யானை, மறுபக்கத்தை மறைத்தால் காளை. காளையின் கொம்பாகத் தெரிவது யானைக்குத் தந்தமாகிவிடுகிறது.

இங்கேதான் ஒரு வேண்டுகோள். மறைத்துப் பார்க்கச் சொன்னதும் பத்தில் எட்டுப் பேர் உள்ளங்கையைக் கொண்டுபோய்ச் சிற்பத்தின் மீதே வைக்கிறார்கள். ஒரு கண்ணை மூடிக்கொண்டு, கையை உங்கள் முகத்துக்கு முன்னால் நீட்டி மறையுங்கள். அதே யானைதான் தெரியும். கருங்கல்லுக்கு என்ன ஆகப்போகிறது என்பார்கள். ஒருவர் கையால் ஒன்றும் ஆகாதுதான். ஆயிரக்கணக்கான கைகளின் வியர்வையும் எண்ணெய்ப் பசையும் படிந்து, அதன் மேல் தூசு ஒட்டி, அதன் மேல் யாரோ ஒரு பக்தர் குங்குமத்தை அப்பிவிட்டுப் போனால், நகக்கண் அளவு நுணுக்கமெல்லாம் அடைந்துபோகும். அதைச் சுத்தம் செய்கிறேன் என்று இறங்கினால் இன்னும் மோசம். இயந்திரத்தால் மணலைப் பீய்ச்சிச் சுத்தம் செய்ததில் கல்வெட்டு எழுத்துகள் மழுங்கிப்போன கோயில்கள் தமிழ்நாட்டில் பல உண்டு.

இதைச் சொல்லும் எனக்கும் பழைய பாவம் உண்டு. போட்டோவில் எடுப்பாகத் தெரியட்டும் என்று, செதுக்கலின் பள்ளங்களில் விபூதியைத் தடவிக் காட்டியிருக்கிறேன். காவலாளி ஒருவர் பார்த்துவிட்டு, நான் அழைத்து வந்தவர்கள் எதிரிலேயே கிழி கிழி என்று கிழித்தார். அவர் சொல்லித்தான் டார்ச் வெளிச்சத்தின் சூட்சுமம் தெரிந்தது. விளக்கை நேராக அடித்தால் சிற்பம் தட்டையாகிவிடும். பக்கவாட்டில், கல்லை ஒட்டினாற்போல் பிடித்தால் மேடு பள்ளமெல்லாம் நிழலோடு எழுந்து வரும். செல்போன் விளக்கே போதும். காலை வெயிலும் மாலை வெயிலும் சாய்வாக விழும்போது இதே வேலையைக் காசு வாங்காமல் செய்கின்றன. நடுப்பகலில் வருவதில் அர்த்தமில்லை. நடை சாத்தியிருக்கும், கல் தரையும் காலைப் பொசுக்கும், சர்க்கரை நோயால் பாதம் மரத்தவருக்குச் சுட்டதே தெரியாமல் கொப்புளம் கண்டுவிடும்.

நேரம் மிச்சமிருந்தால் போதிகையைக் காட்டுவேன். தூணின் தலைக்கும் உத்தரத்துக்கும் நடுவில் கையை விரித்ததுபோல் இருக்கும் கல்தான் போதிகை. கட்டடத்தின் வயதை ஒருவாறு சொல்லிவிடும் உறுப்பு அது. பழைய வடஆர்க்காடு மாவட்டத்துக்குள்ளேயே அந்தக் கணக்கு முழுவதையும் பார்த்துவிடலாம். சோளிங்கர் பக்கம் மகேந்திரவாடியில், தனியாகக் கிடந்த ஒரே பாறையைக் குடைந்து மகேந்திரவர்ம பல்லவன் 7ஆம் நூற்றாண்டில் பெருமாளுக்குக் கோயில் எடுத்தான். அங்குள்ள கல்வெட்டு அதை மகேந்திர விஷ்ணுகிருகம் என்கிறது. அங்கே போதிகை அலை அலையாக மடிந்திருக்கும். பொன்னை ஆற்றங்கரையில் மேல்பாடியில், ஆற்றூரில் இறந்த தன் பாட்டன் அரிஞ்சயனுக்காக ராஜராஜ சோழன் எழுப்பிய பள்ளிப்படை, அதாவது இறந்த அரசனின் நினைவுக் கோயில், இருக்கிறது. அங்கே அலை போய், சாய்வாக வெட்டி நடுவில் துருத்தி நிற்கும் வெட்டுப் போதிகை. நம் வேலூர் மண்டபத்துக்கு வந்தால் அதே உறுப்பு பூமொட்டாகக் கவிந்து தொங்குகிறது. சுமார் 900 ஆண்டுகள், ஒரே உறுப்பு, மூன்று முகம். இதைக் கண்டுகொண்டவருக்கு அப்புறம் எந்த ஊர்க் கோயிலிலும் பொழுது போகும்.

அரை நாள் இருக்கிறது என்பவர்களை விரிஞ்சிபுரம் மார்க்கபந்தீஸ்வரர் கோயிலுக்கு அனுப்புகிறேன். மதிலழகுக்குப் பெயர் போன ஊர். பிராகாரத்தில் நேரங்காட்டிக் கல் ஒன்று உண்டு. மேலுள்ள பள்ளத்தில் குச்சியை வைத்தால் நிழல் விழும் எண்தான் நேரம். மழை மூட்டமாக இருக்கும் நாளிலும் இதைக் காட்டுகிறேன் என்று அழைத்துப் போகும் ஆட்கள் இருக்கிறார்கள். வானத்தைப் பார்த்துவிட்டு ஏறுங்கள்.

வழிகாட்டியைப் பிடிக்கும்போது கூலியை முதலிலேயே பேசிவிடுங்கள். "உங்கள் விருப்பம், பார்த்துக் கொடுங்கள்" என்பவரிடம்தான் கடைசியில் மனக்கசப்பு வரும். எத்தனை இடம் காட்டுவார் என்று கேட்காதீர்கள், அந்தக் கேள்விதான் எங்களை ஓட வைக்கிறது. சொல்லச் சொல்ல, "இது கல்வெட்டில் இருக்கிறதா, தலபுராணமா, செவிவழிக் கதையா?" என்று கேளுங்கள். மூன்றுமே வேண்டியவைதான். சுற்றிலும் நீர் நின்ற புற்றிலிருந்து லிங்கம் வெளிப்பட்டதால் ஜலகண்டேஸ்வரர் என்று தலபுராணம் சொல்வதை நானும் ரசித்துத்தான் சொல்கிறேன். 1806 ஜூலை 10 அன்று இந்தக் கோட்டையில் சிப்பாய்கள் எழுந்ததை அதே குரலில் சொல்லக் கூடாது, அவ்வளவுதான். உங்கள் கேள்விக்கு முகம் சுளிக்கிற வழிகாட்டியிடம் காசைக் கொடுத்து அனுப்பிவிட்டு, அமைதியாக மண்டபத்தில் உட்காருங்கள்.

அந்தக் கொத்தனாரை இன்னொரு முறை பார்த்தேன். மூன்று வாரம் இருக்கும், மனைவியை வீட்டுக்குப் போகலாம் என்று அனுப்பிவிட்டார்கள் போலிருக்கிறது. சால்வை போர்த்தியிருந்த அந்த அம்மாளைக் கைத்தாங்கலாகக் கோட்டை வாசல் பக்கம் அழைத்து வந்துகொண்டிருந்தார். ஸ்தபதி சொன்ன பதிலை அவரிடம் சேர்த்துவிடலாம் என்று வேகமாக நடந்தேன். அகழிக் கரையில் இருவரும் நின்றார்கள். அவர் தண்ணீரைக் காட்டி ஏதோ விவரித்தார், அந்த அம்மாள் கண்களை அகல விரித்துக் கைப்பிடிச் சுவரிலிருந்து ஓர் அடி பின்வாங்கினார். என் காதில் விழுந்தது ஒரே ஒரு சொல்தான். "குமீர்." வங்காளத்தில் முதலை.