“சின்ன கேஸ்தானே சார்?”: காவலர் தேர்வு எழுதும் தம்பி, தங்கைகளுக்கு

காவலர் தேர்வு ஒன்று முடிந்தால் போதும், அடுத்த சில மாதங்களில் சேலம் அஸ்தம்பட்டி கோர்ட் வளாகத்தில் வக்கீலான என்னைத் தேடி ஒரே மாதிரி ஃபைல் வரத் தொடங்கிவிடும். இந்த வாரமும் வந்தது. ஓமலூர் பக்கத்துப் பையன். எழுத்துத் தேர்வில் நல்ல மார்க். குமாரசாமிப்பட்டி ஆயுதப்படை மைதானத்தில் 1,500 மீட்டரை ஏழு நிமிடத்துக்குள் ஓடி, கயிறும் ஏறி, மெடிக்கலும் முடித்துவிட்டான். ஊரில் ஃபிளெக்ஸ் கூட வைத்துவிட்டார்கள். அதன்பிறகு ஒரு பக்கத்தில் ஆணை வந்திருக்கிறது: குற்ற வழக்கு விவரத்தை மறைத்ததால் தேர்வு ரத்து.

என்ன வழக்கு? மாரியம்மன் பண்டிகையில் மேளத்துக்கு முன்னால் ஆடுவதில் இரண்டு தெருக்காரர்களுக்குள் தள்ளுமுள்ளு. எஃப்.ஐ.ஆரில் பையன் பெயர் கடைசியில் இருக்கிறது. பெரியவர்கள் பேசி ராஜியாகி, கேஸ் முடிந்தும் போனது. பிறகு ஏன் தம்பி, குற்ற வழக்கு உண்டா என்று சரிபார்ப்புப் படிவம் கேட்ட இடத்தில் ‘இல்லை’ என்று எழுதினாய்? “அதான் முடிஞ்சு போச்சுங்களே சார்.”

இந்த ஒரு வாக்கியத்தைக் கேட்டுக் கேட்டு எனக்குச் சலித்துவிட்டது. அதனால்தான் இந்தக் கட்டுரை.

படிவம் கேட்பதை ஒருமுறை வாய்விட்டுப் படியுங்கள். உங்கள் மீது இப்போது வழக்கு நடக்கிறதா என்று மட்டுமா கேட்கிறது? எப்போதாவது கைது செய்யப்பட்டீர்களா, வழக்குத் தொடரப்பட்டதா, தண்டனையோ அபராதமோ விதிக்கப்பட்டதா என்று கேட்கிறது. முடிந்த வழக்கும் தொடரப்பட்ட வழக்குதான். ராஜியானதும், விடுதலையானதும், அரசு திரும்பப் பெற்றதும், உயர் நீதிமன்றம் ரத்து செய்ததும் அப்படியே. வழக்கு முடிந்தால் முடிந்த தேதியையும் உத்தரவையும் சேர்த்து எழுத வேண்டும். அவ்வளவுதான் வித்தியாசம். 2017இல் ஜல்லிக்கட்டுக்காக நம் சேலத்தில் ரயிலை மறித்து உட்கார்ந்திருந்த கூட்டத்தில் இருந்தவர்களும், 2020 ஊரடங்கில் வண்டியோடு மாட்டியவர்களும் “அதெல்லாம் கவர்மென்டே வாபஸ் வாங்கிடுச்சே” என்கிறார்கள். வாபஸ் வாங்கினார்கள் என்றால் வழக்கு இருந்தது என்றுதானே அர்த்தம்? எழுதுங்கள்.

அடுத்தது ‘பெட்டி கேஸ்’. குடித்துவிட்டு ரோட்டில் சத்தம் போட்டதற்கு மாநகரக் காவல் சட்டப் பிரிவு 75. காலையில் மாஜிஸ்திரேட் முன் நிறுத்துவார்கள், “ஒத்துக்கிறேன்” என்று சொல்லி ஃபைன் கட்டிவிட்டு மத்தியானம் வீட்டுக்கு வந்துவிடுவார்கள். கையில் ரசீது மட்டும் இருப்பதால் கரண்ட் பில் கட்டிய நினைப்பு. ஐயா, குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டினால் அது தண்டனைத் தீர்ப்பு. கோர்ட்டில் ஒத்துக்கொண்டு முடித்த குடிபோதை வண்டி வழக்கும் இதே கணக்கு. இருபது வயதுப் பையனை அழைத்துப்போய் “ஒத்துக்கோ, சீக்கிரம் போயிடலாம்” என்று சொல்கிற என் சக வக்கீல்களும் கொஞ்சம் யோசிக்க வேண்டும். போலீஸ் வேலைக்குப் படிக்கிறாயா என்று கேட்க எவ்வளவு நேரம் ஆகும்?

சரி, உள்ளதை எழுதினால் வேலை நிச்சயமா? இல்லை, அந்தப் பொய்யை நான் சொல்ல மாட்டேன். தமிழ்நாடு சிறப்புக் காவல் சார்நிலைப் பணி விதி 14(பி) கடுமையானது. சந்தேகத்தின் பலனைக் கொடுத்து விடுதலை செய்திருந்தாலும், புகார்தாரர் பிறழ்சாட்சி ஆனதால் விடுதலையானாலும், குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே கருத வேண்டும் என்கிறது. இதை 2008இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வும் ஏற்றுக்கொண்டது. சரிபார்ப்பின்போது நிலுவையில் இருந்த வழக்கு பின்னால் மாண்புடன் விடுதலையானால் (அதாவது, சாட்சியங்களை முழுதாக அலசியும் குற்றச்சாட்டு நிற்கவில்லை என்று விடுதலையானால்), அடுத்த தேர்வில் கலந்துகொண்டுதான் உரிமை கேட்க முடியும். ‘மாண்புடன் விடுதலை’ என்ற சொல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் எங்கும் கிடையாது, தீர்ப்புகளில் உருவான சொல் என்று உச்ச நீதிமன்றமே 2012இல் நம் மாநிலத்துக் காவலர் ஒருவரின் வழக்கில் சொல்லியிருக்கிறது. எதிர்த்தரப்பு சாட்சியை மடக்கி வாங்குகிற விடுதலையில் பெருமை கொள்பவர்கள் இதைக் கவனிக்கவும்.

அப்படியென்றால் ஏன் எழுத வேண்டும்? 2016இல் அவதார் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு வழக்கை மறைக்கும் இந்த விஷயத்தை விரிவாக அலசியது. தகவல் உண்மையாக இருக்க வேண்டும். இளவயதில் கோஷம் போட்டது போன்ற அற்ப விஷயமாக இருந்தால், மறைத்திருந்தாலும் மன்னிக்க நிர்வாகத்துக்கு அதிகாரம் உண்டு. கவனியுங்கள், அது அவர்கள் விருப்பம், உங்கள் உரிமை இல்லை. தன் மீது வழக்கு இருப்பதே தெரியாதவரை மறைத்தவர் என்று சொல்ல முடியாது என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. வழக்கை ஒளிக்காமல் எழுதியவருக்காக “சின்ன வழக்கு, எழுதியும் இருக்கிறார்” என்று நான் வாதாடலாம். மறைத்தவருக்காக முதலில் அந்தப் பொய்யோடு மல்லுக்கட்ட வேண்டியிருக்கிறது. எதிரே நிற்கும் அரசு வக்கீல் வழக்கைப் பற்றிப் பேசவே மாட்டார். “உண்மை சொல்லாதவருக்கு யூனிஃபார்ம் கொடுக்கலாமா?” என்று ஒரே கேள்வியோடு உட்கார்ந்துவிடுவார்.

மறைத்தால் தெரியாது என்று யார் சொல்லிக்கொடுக்கிறார்கள்? மைதானத்துச் சீனியர்கள்தான், சில கோச்சிங் சென்டர்களும்தான். ஸ்டேஷன் பதிவுகள் கணினியில் ஏறிப் பல வருடம் ஆகிறது. ஏற்காட்டில் பைக் ஓட்டி மாட்டியது அயோத்தியாபட்டணத்தில் தெரியாது என்ற காலம் மலையேறிவிட்டது.

நல்ல வேலை செய்பவர்களையும் சொல்ல வேண்டும். ட்யூட்டி முடிந்து வந்து மைதானத்தில் பிள்ளைகளுக்கு இலவசமாக ஓட்டமும் கயிறும் பழக்கும் காவலர்கள் இருக்கிறார்கள். காவல் சிறுவர் சிறுமியர் மன்றங்களை அக்கறையோடு நடத்துபவர்கள் இருக்கிறார்கள். பதக்கப் பட்டியலில் வராத சேவை இது. அவர்களிடம் கைகூப்பிக் கேட்கிறேன்: ஒரு ஞாயிற்றுக்கிழமை ஓட்டத்தை நிறுத்திவிட்டு இந்தப் படிவத்தைப் பற்றிப் பேசுங்கள். நான் சொன்னால் ஃபீஸுக்காகச் சொல்கிறேன் என்பார்கள், காக்கி சொன்னால் கேட்பார்கள். பண்டிகைத் தகராறில் கிடைத்த பெயரையெல்லாம் எஃப்.ஐ.ஆரில் ஏற்றும் பழக்கத்தையும் கொஞ்சம் குறைத்தால் புண்ணியம்.

பெண் பிள்ளைகள் இது தமக்கில்லை என்று தாண்டிப் போகாதீர்கள். வரப்புத் தகராறில் பங்காளி கொடுக்கும் புகாரில் காலேஜ் போகும் பெண்ணின் பெயரும் வந்துவிடுகிறது. அப்பா “உனக்கெதுக்கும்மா அதெல்லாம்” என்று சொல்லாமலே விட்டுவிடுகிறார். அப்பாக்களே, சொல்லிவிடுங்கள்.

விண்ணப்பிக்கும் முன்பே ஈ-கோர்ட்ஸ் தளத்தில் உங்கள் பெயரைத் தேடுங்கள். சந்தேகம் இருந்தால் ஸ்டேஷனில் கேளுங்கள், வெட்கப்பட ஒன்றுமில்லை. வழக்கு இருந்தால் எஃப்.ஐ.ஆர்., குற்றப்பத்திரிகை, தீர்ப்பு மூன்றுக்கும் சான்றிட்ட நகல் வாங்குங்கள். வாட்ஸ்அப்பில் வந்த ஃபோட்டோ செல்லாது. போலீஸே வழக்கை மூடியிருந்தால் ஆர்.சி.எஸ். நோட்டீஸ், அதாவது வழக்கை முடித்துவிட்டோம் என்ற அறிவிப்பு, வந்திருக்கும், பரணில் தேடுங்கள். சம்பவம் நடந்தபோது பதினெட்டு வயது ஆகவில்லையா? 2015 இளைஞர் நீதிச் சட்டப் பிரிவு 24 உங்களுக்குப் பாதுகாப்பு தருகிறது, அதைத் தனியாக ஒரு வக்கீலிடம் கேட்டு எழுதுங்கள். ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) முன் நன்னடத்தைப் பிணை எழுதிக்கொடுத்ததையும் மறக்க வேண்டாம். ஹெல்மெட் சலானை எழுதலாமா என்று ராத்திரி பதினோரு மணிக்கு எனக்கு போன் செய்ய வேண்டாம்.

‘நான் பார்த்துக்கறேன், ரெண்டு லட்சம் ஆகும்’ என்று வருபவனை வாசலோடு அனுப்பிவிடுங்கள். அவனிடம் கொடுத்த பணத்துக்கு இன்னொரு எஃப்.ஐ.ஆர். போட வேண்டிவரும், இந்த முறை நீங்கள் புகார்தாரராக.

ஏற்கெனவே ரத்து ஆணை வந்துவிட்டவர்களுக்கு: இதற்குச் சேலம் கோர்ட்டில் வழி இல்லை, சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட வேண்டும். ஆணையை மடித்து வைத்துவிட்டு அடுத்த அறிவிப்புக்குக் காத்திருக்காதீர்கள், தாமதத்தையே காரணம் காட்டித் தள்ளுபடி செய்யக்கூடும். வரும்போது நீங்கள் நிரப்பிக் கொடுத்த படிவத்தின் நகலையும் கொண்டு வாருங்கள். கையில் இல்லையென்றால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் இன்றே மனுப் போடுங்கள். உங்கள் கையெழுத்துக்கு மேலே என்ன எழுதியிருக்கிறது என்று பார்க்காமல் என்னால் ஒரு வரி கூடத் தயாரிக்க முடியாது.