முறம் போன்ற முன்பல்லும் ஐந்தாவது முகடும்

எட்டு வயது மகளின் மேல்வரிசை முன்பற்களுடைய உட்பக்கம் குழிந்து, ஓரங்கள் இரண்டும் முறத்தின் விளிம்புபோல் மேடிட்டிருப்பதாகவும், கடைவாய்ப்பல்லின் உட்பக்கத்தில் ஒரு சிறு மொட்டு தெரிவதாகவும் வாசகி ஒருவர் எழுதியிருக்கிறார். கர்ப்ப காலத்தில் எதையோ தின்றதால் வந்த கோளாறு இது என்று வீட்டுப் பெரியவர்கள் சொல்கிறார்களாம். இவை கோளாறே அல்ல. மூதாதையரிடமிருந்து இறங்கி வரும் வடிவ வேறுபாடுகள். ஒரு தாயின் மீது இல்லாத குற்றத்தைச் சுமத்தும் இத்தகைய பேச்சை நாம் இனியும் பொறுத்துக்கொள்ளக் கூடாது.

மேல்தாடையில் ஆறு வயதையொட்டி முளைக்கும் முதல் நிரந்தரக் கடைவாய்ப்பல்லின் உட்பக்கத்து முன்மூலையை நாக்கால் தடவிப் பாருங்கள். சிலருக்கு அங்கே வழவழப்பு மட்டுமே இருக்கும். சிலருக்கு ஒரு கீறல் அல்லது குழி தட்டுப்படும். சிலருக்கு மெல்லும் பரப்பில் மேடிட்டிருக்கும் நான்கு முகடுகளுக்கு அப்பால் ஐந்தாவதாக ஒரு குட்டி முகடே நிற்கும். வியன்னாவின் பல் மருத்துவர் கியோர்க் கராபெல்லி 1842இல் விவரித்ததால் அதற்குக் கராபெல்லி முகடு என்று பெயர். எல்லா நாட்டு மக்களிடமும் இது உண்டு என்றாலும் ஐரோப்பியரிடம் அடிக்கடி தென்படுகிறது. முறம் போன்ற வெட்டுப்பல்லோ கிழக்காசியரிடமும் அமெரிக்கப் பழங்குடியினரிடமும் மிகுதி. இதை 1920இல் விரிவாக ஆராய்ந்து எழுதியவர் மானுடவியலாளர் அலெஷ் ஹர்ட்லிச்கா.

முகடு எப்படி முளைக்கிறது என்பதுதான் இதில் என்னை மிகவும் ஈர்க்கும் பகுதி. கருவின் வாய்த்தோல் தடித்து, மொட்டாகி, தொப்பிபோல் கவியும் கட்டத்தில், அதன் நடுவே ஒரு சிறு செல்கூட்டம் திரள்கிறது. எனாமல் முடிச்சு என்பது அதன் பெயர். இந்த முடிச்சின் செல்கள் தாம் பிரிவதில்லை. ஆனால் சுற்றியுள்ள செல்களைப் பிரியத் தூண்டும் புரதங்களைச் சுரக்கின்றன. சுற்றுப்புறம் வளர்ந்து கீழிறங்க, நடுவில் வளராமல் நின்ற முடிச்சு தானாகவே உச்சியாகிவிடுகிறது. வேலை முடிந்ததும் அந்தச் செல்கள் மடிந்துபோகின்றன. அதே முடிச்சு, தன் அருகில் மற்றொரு முடிச்சு தோன்றாதபடி தடுக்கும் புரதங்களையும் பரப்புகிறது. ஆலமரத்தின் அடர்ந்த நிழலுக்குள் வேறொரு கன்று எழ முடியாததைப் போன்ற நிலை இது. பல் வளர வளர அந்த நிழலுக்கு வெளியே இடம் கிடைக்கிறது. அங்கே அடுத்த முடிச்சு, அதையடுத்து இன்னொன்று. பல்லின் கடினமான மேலுறையான எனாமல் இறுகத் தொடங்கியதும் கதவு மூடிவிடும்.

கராபெல்லி முகடு இந்த வரிசையில் மிகவும் பிந்தி வருவது. முதல் முகடுகள் பல்லின் அளவோடு ஒப்பிட நெருக்கமாக அமைந்திருந்தால் ஓரத்தில் இடம் மிஞ்சும். அங்கே அது முழு முகடாக நிமிரும். இடமோ நேரமோ சற்றுக் குறைந்தால் வெறும் கீறலோடு நின்றுவிடும். ஆய்வாளர்கள் இதை உண்டு, இல்லை என்று பிரிக்காமல், 0 முதல் 7 வரை தரம் பிரித்துக் குறிப்பது இதனால்தான். ‘ஐந்தாவது முகட்டுக்கான மரபணு’ என்று தனியாக ஒன்றைத் தேடுவது வீண். பல மரபணுக்கள் சேர்ந்து இடைவெளியையும் வேகத்தையும் நிர்ணயிக்கின்றன, அவற்றின் விளைவே வடிவம்.

முறவடிவப் பல்லுக்கு ஒரு முக்கியக் காரணம் பிடிபட்டிருக்கிறது. எனாமல் முடிச்சிலும் செயல்படும் ஈடிஏஆர் என்ற மரபணுவில் ஓர் எழுத்து மாறி, அதன் புரதத்தின் 370ஆம் இடத்தில் வேலின் என்ற அமினோ அமிலம் இருக்க வேண்டிய இடத்தில் அலனின் என்ற வேறோர் அமினோ அமிலம் அமர்ந்துள்ளது. சுமார் 30,000 ஆண்டுகளுக்கு முன் இன்றைய சீனப் பகுதியில் இம்மாற்றம் தோன்றியிருக்கலாம் என்பது 2013இல் வெளியான கணிப்பு. அதே மாற்றத்தை எலிகளில் புகுத்தியபோது மயிர் தடித்தது, வியர்வைச் சுரப்பிகள் பெருகின, பால்சுரப்பிக் குழாய்கள் கூடுதலாகக் கிளைத்தன. வெயில் குறைந்த வடதுருவப் பகுதியில் தாய்ப்பால் வழியே குழந்தைக்கு வைட்டமின் டி சேர இது உதவியதால்தான் நிலைபெற்றது என்று லெஸ்லியா ஹ்லுஸ்கோ 2018இல் ஒரு கருதுகோளை முன்வைத்தார். அது சரியென்றால், இயற்கைத் தேர்வு பல்லைப் பார்க்கவே இல்லை. பல் உடன் வந்து சேர்ந்தது.

ஆயினும் ஒரு பல்லை வைத்து ஒருவரின் பூர்வீகத்தைச் சொல்லிவிட முடியாது. இந்த மாற்றம் தோன்றுவதற்குப் பன்னெடுங்காலம் முன்பே வாழ்ந்த நியாண்டர்தால்கள், பீக்கிங் மனிதன் ஆகிய தொல்மனித இனத்தாருக்கும் முறவடிவப் பற்கள் இருந்தன. ஒரே வடிவத்திற்கு வேறு வழிகளும் உண்டு. பூர்வீகத்தைப் பற்றிப் பேச, ஏராளமான வாய்களில் பல பண்புகளைச் சேர்த்து எண்ண வேண்டும். பல் மருத்துவக் கல்லூரிகளில் சீரமைப்புச் சிகிச்சைக்காக எடுக்கப்படும் வாய் அச்சுகளை, ஒப்புதல் பெற்று, பெயர் நீக்கிப் பாதுகாக்கச் சிறிதளவு நிதி ஒதுக்கினாலே நம் மக்களின் பல்வடிவங்களைப் பற்றிய அரிய தொகுப்பு கிடைக்கும். அதை ஏன் செய்யக் கூடாது?

மகளின் பல்லை ராவத் தேவையில்லை. அந்த மொட்டின் அடியிலுள்ள பள்ளத்திலும் முன்பல்லின் குழிவிலும் உணவு தங்கிச் சொத்தை விழக்கூடும் என்பதால், தூரிகையைச் சாய்த்து உட்பக்கத்தையும் தேய்க்கப் பழக்குங்கள். பள்ளம் ஆழமாக இருந்தால் அதை அடைத்துவிடலாமா என்று பல் மருத்துவரிடம் கேளுங்கள்.