வேர்டு கோப்பு எதையும் எளிதில் அழிப்பதில்லை

“விலைப்புள்ளியை வேர்டில் தயாரித்து அனுப்பினேன். முதலில் போட்டிருந்த தொகையை அழித்துவிட்டு வேறு தொகை எழுதியிருந்தேன். எதிர்த்தரப்பு அந்தப் பழைய தொகையைச் சொல்லிப் பேரம் பேசுகிறது. எப்படித் தெரிந்தது?” என்பது ஒரு வாசகரின் கேள்வி.

யாரும் துப்பறியவில்லை. பழைய தொகையையும் கோப்புக்குள் வைத்து அவரேதான் அனுப்பியிருக்கிறார்.

வேர்டு 2007இல் வந்த டாக்எக்ஸ் கோப்பு என்பது ஒரு ஜிப் பொட்டலம், அதாவது பல கோப்புகளைச் சுருக்கி ஒன்றாகக் கட்டிய மூட்டை. நகல் ஒன்றை எடுத்து, பெயரின் வாலில் இருக்கும் டாக்எக்ஸை ஜிப் என்று மாற்றித் திறந்தால் உள்ளே பல கோப்புறைகள் தெரியும். அவற்றில் ‘டாக்ப்ராப்ஸ்’ என்பது கோப்பின் ஜாதகம்: எழுதியவர் பெயர், கடைசியாகச் சேமித்தவர் பெயர், எத்தனையாவது திருத்தம், மொத்தம் எத்தனை நிமிடம் வேலை நடந்தது. 2003 பிப்ரவரியில் பிரிட்டன் அரசு ஈராக் பற்றிய ஓர் ஆவணத்தை வேர்டு வடிவிலேயே இணையத்தில் ஏற்றியது. அது பழைய டாக் வடிவம். கடைசிப் பத்துத் திருத்தங்களைச் சேமித்தவர்களின் பயனர் பெயர்கள் அதற்குள் இருந்தன, உலகமே படித்தது.

பெயர் போவது சின்ன விஷயம். அழித்த தொகை எங்கே தங்கியது என்பதுதான் சுவையான பகுதி.

திருத்தங்களையெல்லாம் பதிவுசெய்து காட்டும் ‘ட்ராக் சேஞ்சஸ்’ வசதி இயங்கும்போது நீங்கள் ஒரு வரியை அழித்தால், வேர்டு அந்த எழுத்துகளைத் தொடுவதே இல்லை. அவற்றுக்கு முன்னும் பின்னும் ‘டெல்’ என்றொரு குறியை வைத்து, அழித்தவர் பெயரையும் தேதியையும் நேரத்தையும் அருகில் எழுதிக்கொள்கிறது. சிவப்புக் கோடு அந்தக் குறியைப் பார்த்துத் திரை வரைந்து காட்டுவது. திருத்தக் குறிகளை மறைக்கும் ‘நோ மார்க்கப்’ காட்சியைத் தேர்ந்தெடுத்தால் வரைவதை நிறுத்திக்கொள்ளும், அவ்வளவே. கோப்பில் ஓர் எழுத்துகூடக் குறைவதில்லை. திரை சுத்தமாகத் தெரிவதால் பலர் ஏமாறுவது இங்கேதான். எல்லாத் திருத்தங்களையும் ஏற்கும் ‘அக்செப்ட் ஆல் சேஞ்சஸ்’ கொடுத்துச் சேமித்தால்தான் அந்த எழுத்துகள் நிஜமாகவே வெளியேறும்.

படத்தை வெட்டும்போது நடப்பது இன்னும் அழகு. ஓரத்தில் இருக்கும் முகத்தையோ கணக்கு எண்ணையோ வெட்டி நீக்குகிறோம் என்று நினைக்கிறோம். வேர்டு குறித்துக்கொள்வது அதிகபட்சம் நான்கு எண்களை: இடம், மேல், வலம், கீழ். ஒரு சதவீதத்துக்கு 1000 என்பது கணக்கு. இடப்பக்கத்துக்கு 25000 என்று இருந்தால், ‘இடப்பக்கக் கால் பாகத்தைக் காட்டாதே’ என்று பொருள். முழுப் படமும் ஜிப்புக்குள் ‘மீடியா’ கோப்புறையில் பத்திரமாக இருக்கும். வெட்டியதை நாளைக்கு விரித்துப் பார்க்க முடிவதும் இதனால்தான். கெட்ட எண்ணத்தில் செய்த ஏற்பாடு இல்லை. படத்தைத் தேர்ந்தெடுத்து, ‘கம்ப்ரஸ் பிக்சர்ஸ்’ சென்று, வெட்டிய பகுதிகளை நீக்கும் கட்டத்தில் டிக் வையுங்கள். ‘இந்தப் படத்துக்கு மட்டும்’ என்ற டிக்கை எடுத்துவிடுங்கள். இல்லையென்றால் மற்ற படங்கள் அப்படியே நிற்கும்.

எக்செல் வரைபடத்தை ‘எம்பெட்’ முறையில், அதாவது மூலத் தரவோடு உள்ளே பதித்து, ஒட்டினால் முழு எக்செல் கோப்பும், அதன் மற்ற தாள்கள் உட்பட, கூடவே பயணம் செய்யும். படமாக ஒட்டினால் இந்தத் தொல்லை இல்லை.

சுத்தம் செய்ய வரிசை முக்கியம். முதலில் நகல் எடுங்கள். சில நீக்கங்களைத் திரும்பப் பெற முடியாது. நகலில் திருத்தங்களை ஏற்று, ட்ராக் சேஞ்சஸை நிறுத்தி, கமெண்டுகளை அழித்து, படங்களைச் சுருக்கிய பிறகு ‘ஃபைல் – இன்ஃபோ – செக் ஃபார் இஷ்யூஸ் – இன்ஸ்பெக்ட் டாக்குமென்ட்’. கண்ணில் பட்ட ‘ரிமூவ் ஆல்’ பொத்தானையெல்லாம் அழுத்தினால் மேல்குறிப்பு, அடிக்குறிப்போடு பக்க எண்ணும் போய்விடும். வெள்ளைத் தாளில் வெள்ளை நிறத்தில் எழுதியதை இந்தக் கருவி கண்டுகொள்ளாது.

பிடிஎஃப் ஆக்கிவிட்டால் எல்லாப் பாவமும் கழிந்துவிடும் என்பது நம் அலுவலகங்களின் தலையாய மூடநம்பிக்கை. பிடிஎஃப் பக்கம் என்பது வரைதல் கட்டளைகளின் வரிசை. ‘இந்த எழுத்தை இங்கே வை’ என்பது ஒரு கட்டளை, ‘அதன்மேல் கறுப்புப் பட்டை போடு’ என்பது இன்னொன்று. இரண்டாவது முதலாவதை ரத்து செய்வதில்லை. 2019 ஜனவரியில் அமெரிக்காவில் டிரம்பின் முன்னாள் தேர்தல் பிரசாரத் தலைவர் பால் மானஃபோர்ட்டின் வழக்கறிஞர்கள் நீதிமன்றத்தில் தாக்கல் செய்த ஆவணத்தில், கறுப்புப் பட்டைக்கு அடியிலிருந்த வரிகளை நிருபர்கள் காப்பி-பேஸ்ட் செய்தே படித்துவிட்டார்கள். வேர்டு போன்ற மென்பொருள்களைக் கொண்ட இலவசத் தொகுப்பான லிப்ரே ஆபீஸில், 6.3 பதிப்பு முதல் உள்ள, ரகசிய வரிகளை மறைக்கும் ‘ரிடாக்ட்’ கருவி பக்கத்தையே புள்ளிப் படமாக மாற்றி ஏற்றுமதி செய்கிறது. எழுத்தே இல்லாததால் காப்பி எடுக்க எதுவும் மிஞ்சாது. இலவசக் கருவி இது. ரகசியம் காக்கப் பெருந்தொகை செலவிடும் அலுவலகங்கள் இதைப் பழக்கிக் கொடுக்க அரை மணி நேரம் ஒதுக்காதது எனக்குப் புரியாத புதிர்.

அனுப்பும் முன் ஜிப்பைத் திறந்து, அழித்த சொல் உள்ளே இருக்கிறதா என்று தேடிப் பாருங்கள். முக்கிய ஆவணக் கோப்போடு நிறுத்தாதீர்கள். அடிக்குறிப்புகளும் கமெண்டுகளும் தனித்தனிக் கோப்புகள். ஒன்றில் கவனம் தேவை: இடையிடையே திருத்திய ஒரே எண்ணை வேர்டு இரண்டு மூன்று துண்டுகளாக உடைத்துச் சேமிக்கக்கூடும், நடுவில் குறிகள் நுழைந்துவிடும். ‘475000’ என்று தேடினால் கிடைக்காதது, ‘475’ என்று தேடினால் கிடைக்கலாம். ‘டெல்’ குறிக்குள் அழித்த எழுத்தைச் சுற்றி நிற்கும் ‘டெல்டெக்ஸ்ட்’ (delText) என்ற குறியையும் தேடுங்கள். அது ஓரிடத்தில் இருந்தாலும் அழித்த எழுத்து இன்னும் உள்ளே இருக்கிறது.