ஒரே நாளில் அளந்தீர்களா? புதிய அனல் மின் அலகின் திறனும் புகையும்

புதிய அனல் மின் அலகு ஒன்றைக் கட்டி முடித்து ஒப்படைக்கும்போது, வாங்குகிறவரின் மேசைக்கு இரண்டு தடித்த அறிக்கைகள் வந்து சேரும். ஒன்று திறன் சோதனை அறிக்கை. ஒரு யூனிட் மின்சாரத்துக்கு எத்தனை கிலோகலோரி வெப்பம் செலவாகிறது என்று சொல்லும். இன்னொன்று உமிழ்வு அறிக்கை. புகைபோக்கி வழியே தூசும் கந்தக டை ஆக்சைடும் நைட்ரஜன் ஆக்சைடுகளும் எவ்வளவு வெளியேறுகின்றன என்று சொல்லும். இவை கைக்கு வந்தால் நான் முடிவுரைப் பக்கத்துக்குப் போவதில்லை. முதலில் தேதியைப் பார்ப்பேன். பிறகு, அன்று எரிந்த நிலக்கரி எது, சுமை எத்தனை மெகாவாட் என்று பார்ப்பேன். இவை இரண்டிலும் வேறு வேறாக இருந்தால், ஒவ்வொரு அறிக்கையும் தன்னளவில் உண்மையாகவே இருக்கலாம். ஆனால் இரண்டையும் சேர்த்துப் படிக்கும்போது தெரிகிற ஆலை எங்குமே இல்லை.

காரணம் எளியது. கொதிகலனுக்குள் விடும் மிகைக் காற்றைக் குறைத்தால் புகையோடு வெளியேறும் வெப்பம் குறையும், நைட்ரஜன் ஆக்சைடும் குறையும். ஆனால் கார்பன் மோனாக்சைடு ஏறும், சாம்பலில் எரியாத கார்பன் தங்கும். காற்றைக் கூட்டினால் கதை தலைகீழ். தூசு பிடிக்கும் ஈஎஸ்பியின் எல்லாப் பிரிவுகளுக்கும் முழு மின்னோட்டம் கொடுத்தால் புகை தெளியும், ஆலையின் சொந்த மின்நுகர்வு ஏறும். கந்தகம் நீக்கும் எஃப்ஜிடி அமைப்பு ஓடினால் அதன் பம்புகளும் விசிறிகளும் உற்பத்தியில் ஏறக்குறைய 1 முதல் 1.5 விழுக்காட்டை எடுத்துக்கொள்ளும். ஒன்றில் மிச்சம் பிடித்தால் மற்றொன்றில் கொடுக்க வேண்டியிருக்கிறது. அதனால்தான் திறனையும் உமிழ்வையும் ஒரே நேரத்தில், ஒரே சுமையில், ஒரே நிலக்கரியில் அளக்க வேண்டும் என்று ஒவ்வொரு கூட்டத்திலும் பிடிவாதம் பிடிக்கிறேன். ஒவ்வொரு கூட்டத்திலும் "அட்டவணை இடம் கொடுக்காது" என்ற பதில்தான் வருகிறது.

இதில் என்ன போய்விடும் என்று கேட்பவர்களுக்கு ஒரு கணக்கு. ஒரு யூனிட் மின்சாரம் 860 கிலோகலோரிக்குச் சமம். ஆலையின் ஹீட் ரேட், அதாவது ஒரு யூனிட்டுக்குச் செலவாகும் வெப்பம், 2,250 கிலோகலோரி என்றால், திறன் சுமார் 38 விழுக்காடு. 660 மெகாவாட் அலகு ஒன்று ஆண்டு முழுவதும் 85 விழுக்காடு சுமைக் காரணியில் ஓடுகிறது என்று வைத்துக்கொள்வோம். ஹீட் ரேட் 10 கிலோகலோரி மட்டும் மோசமானாலும், கிலோவுக்கு 4,000 கிலோகலோரி தரும் நிலக்கரியில் ஆண்டுக்குச் சுமார் 12,000 டன் கூடுதலாக எரிக்க வேண்டும். அந்த அலகின் ஆயுள் 25 ஆண்டுகள். எரிபொருள் செலவு கடைசியில் மின்கட்டணத்தில்தான் வந்து சேரும். ஆகவே இது பொறியாளர்களுக்குள் முடிந்துவிடும் சங்கதி அல்ல.

இங்கே பலரும் குழப்பிக்கொள்ளும் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். ஓர் அலகு வணிக உற்பத்திக்கு வந்ததாக அறிவிக்க, இந்திய மின்தொகுப்பு விதிகளின்படி 72 மணி நேரம் முழுச் சுமையில், குறித்த எரிபொருளில் தொடர்ந்து ஓடிக் காட்ட வேண்டும். இடையில் மொத்தம் 4 மணி நேரம் வரை நின்றால் அந்த நேரத்தை மட்டும் சேர்த்து ஓட்டினால் போதும். அதற்கு மேல் நின்றால் முதலிலிருந்து தொடங்க வேண்டும். செய்தித்தாளில் படம் வருவது இதற்குத்தான். ஆனால் இந்த ஓட்டம் அலகு ஓடும் என்பதைத்தான் நிரூபிக்கிறது. எவ்வளவு தின்று ஓடுகிறது என்பதை அல்ல. திறன் உத்தரவாதச் சோதனை பெரும்பாலும் அதற்குப் பல மாதங்கள் கழித்தே நடக்கும். அதற்குள் கொதிகலன் குழாய்களில் கசடு படிந்திருக்கும், டர்பைன் கொஞ்சம் தேய்ந்திருக்கும். அதையே காரணம் காட்டி, தேய்மானத்துக்கு ஒரு திருத்தம் வேண்டும் என்று ஒப்பந்தக்காரர் கேட்பார். சோதனையைத் தள்ளிப்போடுவதில் யாருக்கு லாபம் என்பது இப்போது புரிந்திருக்கும்.

சோதனை நாளன்று ஆலை, பெண் பார்க்க வருகிற நாளின் வீடு போல இருக்கும். கொதிகலன் நீரை வெளியேற்றும் புளோடவுன் அடைக்கப்பட்டிருக்கும், குழாய்களில் படியும் கரியை ஊதி நீக்கும் சூட் புளோயர்கள் ஓய்வில் இருக்கும், கசியும் வால்வுகளெல்லாம் முதல் நாளே இறுக்கப்பட்டிருக்கும். இதை மோசடி என்று நான் சொல்ல மாட்டேன். அமெரிக்க இயந்திரப் பொறியாளர் சங்கமான ஏ.எஸ்.எம்.இ.யின் பி.டி.சி. 4, பி.டி.சி. 6 போன்ற சோதனை நெறிகளே இப்படித் தனிமைப்படுத்தச் சொல்கின்றன. இல்லாவிட்டால் நீராவிக் கணக்கு நேராகாது. என் புகார் வேறு. அதே அலகின் உமிழ்வை மட்டும் இன்னொரு நாள், சாம்பல் குறைந்த இறக்குமதி நிலக்கரியைக் கலந்து, ஈஎஸ்பியை உச்ச மின்னோட்டத்தில் வைத்து அளக்கிறார்கள். திறனுக்கு ஒரு நல்ல நாள், புகைக்கு ஒரு நல்ல நாள். ஒருமுறை இப்படி இரண்டு வாரங்கள் தள்ளி எடுத்த அறிக்கைகளை ஒப்பிட்டபோது, உமிழ்வுச் சோதனை நாளில் ஆலையின் சொந்த நுகர்வு உத்தரவாத அளவைத் தாண்டியிருந்தது. அதைக் குறித்து எந்த அறிக்கையிலும் ஒரு வரி இல்லை. கட்டுப்பாட்டு அறையின் பதிவுகளைக் கேட்டு வாங்கிய பிறகுதான் தெரிந்தது.

அளவைகளுக்குள் போவோம். டர்பைன் சோதனையில் உயிர்நாடி, கொதிகலனுக்குப் போகும் ஊட்டுநீரின் ஓட்டத்தை அளக்கும் நாசில் என்ற குறுகிய குழாய்த் துண்டு. ஓட்டத்தில் 1 விழுக்காடு பிழை என்றால் ஹீட் ரேட்டிலும் 1 விழுக்காடு பிழை. டர்பைனின் ஹீட் ரேட் மட்டும் 1,850 கிலோகலோரி என்றால், அது சுமார் 18. மேலே சொன்ன 12,000 டன்னைப் போல ஏறக்குறைய இரண்டு மடங்கு நிலக்கரி இந்த ஒரே குழாய்த் துண்டில் ஒளிந்துகொள்ளலாம். ஆகவே அது ஆய்வகத்தில் அளவுத்திருத்தம் செய்யப்பட்டிருக்க வேண்டும். இரசாயனக் கழுவலும் நீராவி ஊதலும் முடியும்வரை கிடங்கில் மூடியோடு இருக்க வேண்டும். சோதனைக்குச் சற்று முன்புதான் குழாயில் ஏற வேண்டும். கட்டுமானக் காலத்திலேயே அதைப் பொருத்திவிட்டு, துருவும் வெல்டிங் துணுக்குகளும் அதன் வழியே ஓடிய பிறகு, பழைய ஆய்வகச் சான்றிதழை நீட்டுவது இன்னும் நடக்கிறது.

அடுத்தது நிலக்கரி. கொதிகலன் திறன் 92 விழுக்காடு என்று ஒருவர் சொன்னால், எந்த வெப்ப மதிப்பின் மீது என்று கேளுங்கள். எரிபொருளிலுள்ள ஈரமும், ஹைட்ரஜன் எரிந்து உண்டாகும் நீரும் ஆவியாகி வெளியேறும்போது தம்மோடு வெப்பத்தை எடுத்துப் போகின்றன. அதைச் சேர்த்துச் சொல்வது மொத்த வெப்ப மதிப்பு, கழித்துச் சொல்வது நிகர மதிப்பு. ஒடிசாவின் தால்ச்சரிலிருந்து பாரதீப் துறைமுகம் வழியாகக் கப்பலில் எண்ணூருக்கு வரும் நிலக்கரியில் இந்த வேறுபாடு ஆறு விழுக்காட்டை ஒட்டியிருக்கும். பாதி எடை ஈரமாகவே இருக்கும் நெய்வேலி லிக்னைட்டிலோ அது 15 விழுக்காடு வரை போகும். நிகர மதிப்பில் 92 என்று பெருமையாகச் சொல்லப்படும் லிக்னைட் கொதிகலன், மொத்த மதிப்பில் 78-ஐத் தொட்டாலே பெரிது. இரண்டு எண்ணும் சரிதான். உத்தரவாதம் ஒன்றிலும் சோதனை மற்றொன்றிலும் இருந்தால்தான் வம்பு. அதுபோலவே, மாதிரியைக் கொதிகலனுக்கு நிலக்கரி ஊட்டும் ஃபீடரில் எடுத்தீர்களா, குவித்து வைக்கும் யார்டில் எடுத்தீர்களா, ஆய்வகத்தில் காற்றில் உலர்த்திய நிலையில் அளந்த மதிப்பை அப்படியே போட்டுவிட்டீர்களா என்பதையும் கேட்க வேண்டும். சென்னையின் ஈரக் காற்றில் மூடாமல் வைத்த மாதிரி, ஆய்வகம் போய்ச் சேர்வதற்குள் வேறு நிலக்கரியாகிவிடும்.

உமிழ்வுப் பக்கம் என்னை அதிகம் தூங்கவிடாதது ஆக்சிஜன். 2015 டிசம்பரில் மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் வெளியிட்ட விதிப்படி, 2017 ஜனவரி முதல் நிறுவப்படும் அலகுகளுக்கு ஒரு நார்மல் கன மீட்டர் புகையில் தூசு 30 மில்லிகிராம், நைட்ரஜன் ஆக்சைடு 100, பாதரசம் 0.03. கந்தக டை ஆக்சைடுக்கும் 100 என்றுதான் இருந்தது. 2025 ஜூலையில் வந்த திருத்தம், பத்து லட்சத்துக்கு மேல் மக்கள் வாழும் நகரங்களிலிருந்தும் மாசு மிகுந்த பகுதிகளிலிருந்தும் விலகியிருக்கும் ஆலைகளுக்கு, புகைபோக்கியின் உயரம் போதுமானால் அந்த வரம்பிலிருந்து விலக்கு அளித்துவிட்டது. (உயரமான புகைபோக்கி கந்தகத்தைக் குறைப்பதில்லை, தூரத்துக்கு அனுப்புகிறது. அது தனிக் கட்டுரைக்குரிய கோபம்.) நிலக்கரிக் கொதிகலன்களில் இந்த எண்களை 6 விழுக்காடு ஆக்சிஜன் உள்ள உலர் புகைக்கு மாற்றித்தான் ஒப்பிட வேண்டும். இல்லாவிட்டால் புகையில் வெறும் காற்றைக் கலந்து எவரும் வரம்புக்குள் வந்துவிடலாம்.

மாற்றும் முறை ஒரு வரிக் கணக்கு: அளந்த எண்ணை 15 ஆல் பெருக்கி, 21-இலிருந்து அளந்த ஆக்சிஜனைக் கழித்த மிச்சத்தால் வகுக்க வேண்டும். உலர் புகையில் நைட்ரஜன் ஆக்சைடு 97 மில்லிகிராம், ஆக்சிஜன் 7 விழுக்காடு என்றால், திருத்திய எண் 104. தோல்வி. ஆனால் ஆக்சிஜனை அளக்க, புகைக் குழாய்க்குள்ளேயே பொருத்தும் சிர்கோனியா உணரி அளப்பது ஈரப் புகையை. புகையில் 10 விழுக்காடு நீராவி இருந்தால், அதே ஆக்சிஜனை அது 6.3 என்று காட்டும். அந்த எண்ணைப் போட்டுப் பெருக்கினால் வருவது 99. தேர்ச்சி. யாரும் பொய் சொல்லவில்லை, எந்தக் கருவியும் பழுதில்லை. ஈர எண்ணையும் உலர் எண்ணையும் ஒரே கணக்கில் கலந்ததுதான் நடந்தது. இதேபோல நைட்ரிக் ஆக்சைடை மட்டும் அளக்கும் கருவியின் எண்ணை நைட்ரஜன் டை ஆக்சைடாக மாற்ற 1.53 ஆல் பெருக்கினார்களா என்று பாருங்கள். "நார்மல்" கன மீட்டர் என்பது 0 பாகையிலா, 25 பாகையிலா என்பதும் ஒப்பந்தத்தில் எழுதப்பட்டிருக்க வேண்டும். இரண்டுக்கும் நடுவே 9 விழுக்காடு இடைவெளி இருக்கிறது.

தூசு அளப்பவர் புகைபோக்கியின் மேல் ஏறி, மாதிரிக் குழாயின் வாய்க்குள் புகை நுழையும் வேகத்தை வெளியே ஓடும் புகையின் வேகத்தோடு பொருத்த வேண்டும். பம்பு வேகமாக இழுத்தால், கனமான துகள்கள் திரும்ப முடியாமல் நேராகப் போய்விடும். தூசு குறைவாகத் தெரியும். ஆகவே தூசு எண்ணின் பக்கத்தில் வேகப் பொருத்த விழுக்காடு அச்சிடப்படாத அறிக்கையை நான் ஏற்பதில்லை. ஈஎஸ்பி உத்தரவாதம் ஒரு பிரிவு பழுதான நிலைக்குக் கொடுக்கப்பட்டிருந்தால், சோதனையும் அந்தப் பிரிவை அணைத்து வைத்தே நடக்க வேண்டும்.

மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2014-இல் 17 வகைத் தொழில்களுக்கு இணையவழித் தொடர் கண்காணிப்பைக் கட்டாயமாக்கியது. அனல் மின்சாரமும் அதில் ஒன்று. அந்தக் கருவிகள் வாரியத்துக்கு நிமிடத்துக்கு நிமிடம் எண்களை அனுப்பும் என்பது நல்ல ஏற்பாடுதான். ஆனால் ஒப்படைப்புச் சமயத்தில் கருவியின் எண் சரிதானா என்று சோதிப்பது, பல இடங்களில் ஒரு சிலிண்டர் வாயுவைக் காட்டிவிட்டு முடிந்துவிடுகிறது. ஐரோப்பிய இ.என். 14181 நெறி, மூன்று நாட்களுக்குப் பரவலாக, நேரடி மாதிரி அளவோடு குறைந்தது 15 முறை பக்கத்துப் பக்கம் ஒப்பிடச் சொல்கிறது. திறன் சோதனைக்காக அலகு நிலையான சுமையில் நிற்கும் நாட்களைவிட இதற்கு ஏற்ற நாட்கள் கிடைக்காது. மூன்று வேலைகளும் ஒரே ஓட்டத்தில் முடியும்; அட்டவணைக்காரர்களுக்கு இதைவிட நல்ல வாதம் என்னிடம் இல்லை.

கொதிகலன் ஒரு ஒப்பந்தம், எஃப்ஜிடி வேறு ஒப்பந்தம் என்று பிரிந்திருக்கும் ஆலைகளில் கூடுதல் கவனம் வேண்டும். ஒவ்வொருவரும் தம் எல்லைக்குள் தேர்ச்சி பெறுவார்கள். சொந்த நுகர்வைக் கழித்த பின் வரும், மொத்த ஆலையின் நிகர ஹீட் ரேட்டுக்கு யாரும் கையெழுத்துப் போட்டிருக்க மாட்டார்கள். பி.டி.சி. 46 முழு ஆலைச் சோதனைக்கென்றே எழுதப்பட்ட நெறி. டெண்டர் நிலையிலேயே அதைச் சேர்க்காவிட்டால் பிறகு கேட்டுப் பயனில்லை.

இத்தனைக்கும் பிறகு இன்னொன்று மிச்சமிருக்கிறது. மேலே சொன்ன எல்லா உத்தரவாதங்களும் முழுச் சுமைக்கானவை. பகலில் சூரிய மின்சாரம் பெருகப் பெருக, நிலக்கரி அலகுகள் நண்பகலில் 55 விழுக்காட்டுக்கு இறங்குகின்றன. மத்திய மின்சார ஆணையத்தின் 2023-ஆம் ஆண்டு விதிகள் படிப்படியாக 40 விழுக்காடு வரை இறங்கும் திறனைக் கேட்கின்றன. அந்தச் சுமையில் ஹீட் ரேட் ஏறும், மிகைக் காற்று கூடும். அம்மோனியா செலுத்தி நைட்ரஜன் ஆக்சைடைக் குறைக்கும் எஸ்சிஆர் அமைப்பு பொருத்திய அலகானால், புகை சுமார் 300 பாகைக்குக் கீழே குளிரும்போது அம்மோனியாவை நிறுத்த வேண்டியிருக்கும். நைட்ரஜன் ஆக்சைடு கட்டவிழ்ந்துவிடும். இப்போது டெண்டர் எழுதிக்கொண்டிருப்பவர்கள் 100, 55, 40 என்ற மூன்று சுமைகளிலும் நிகர ஹீட் ரேட்டையும் உமிழ்வையும் ஒரே அட்டவணையில், ஒரே சோதனை ஓட்டத்துக்கான உத்தரவாதமாகக் கேளுங்கள். கடைசி வரியாக, 40-இல் ஆக்சிஜன் உலர் அடிப்படையில் எவ்வளவு என்ற கேள்வியையும் சேர்த்துவிடுங்கள்; அதை நிரப்பத் தயங்குகிற ஏலதாரர் யார் என்று பார்த்துக்கொள்ளலாம்.