ஜிம் ஸ்டைன்மேன் பாட்டு கேட்டா ஏன் புல்லரிக்குது?

அமெரிக்க இசையமைப்பாளர் ஜிம் ஸ்டைன்மேன் எழுதி, பாடகி பானி டைலர் பாடின 'டோட்டல் எக்லிப்ஸ் ஆஃப் தி ஹார்ட்' பாட்டை ஒரு தடவை ஹெட்ஃபோன் மாட்டிட்டு முழுசா கேளுங்க. ஆரம்பத்துல பியானோ, ஒரு ஆம்பளக் குரல் திரும்பிப் பாருன்னு கூப்பிடுது, அது ரோரி டாட். பானி டைலர் ஒரு வரி பாடுறாங்க, மறுபடி அதே கூப்பாடு, மறுபடி ஒரு வரி. நாலு தடவை கேட்டாலே அடுத்த கூப்பாடு எப்போ வரும்னு மூளை தானா கணக்கு போட ஆரம்பிச்சுடும். சத்தம் கொஞ்சம் கொஞ்சமா ஏறுது, சோகமா ஒலிக்கிற மைனர் ஸ்கேல்ல ஆரம்பிச்ச ராகம் ஸ்கேல் மாறி மாறி அலையுது, ஆனா கோரஸ், அதாவது திரும்பத் திரும்ப வர்ற பல்லவி மட்டும் வந்த பாடில்ல. கடைசில டிரம்ஸ் இடியோட அது பிரகாசமா ஒலிக்கிற மேஜர் ஸ்கேல்ல வந்து இறங்குறப்ப கையில முடி நட்டுக்கிட்டு நிக்கும், எனக்கு இன்னைக்கும் நிக்குது.

இது ஏன்னு 2011-ல மாண்ட்ரியல்ல மெக்கில் யூனிவர்சிட்டி ஆளுங்க பார்த்தாங்க. யாருக்கு எந்த இசை கேட்டா புல்லரிக்குமோ அதையே போட்டு மூளையை ஸ்கேன் எடுத்தாங்க. புல்லரிக்கிற அந்த நொடில மூளைல நியூக்ளியஸ் அக்கம்பென்ஸ்ங்கிற இடத்துல டோபமைன்ங்கிற, சுகத்தோட சம்பந்தப்பட்ட ரசாயனம் சுரக்குது, அது எதிர்பார்த்ததுதான். ஆனா அதுக்கு முன்னாடியே, இதோ வரப்போகுதுன்னு காத்திருக்கிற நேரத்துலயே, காடேட்ங்கிற வேற ஒரு இடத்துல டோபமைன் சுரக்க ஆரம்பிச்சிருக்கு. அதாவது காத்திருக்கிறதே ஒரு சுகம். ஸ்டைன்மேன் பாட்டு அத்தனைலயும் நான் பாக்குறது இதைத்தான், அந்தக் காத்திருப்பை எவ்வளவு தூரம் இழுக்கலாமோ அவ்வளவு இழுப்பாரு.

இதை அவர் கத்துக்கிட்டது மேடைல. 1947-ல நியூயார்க்ல பொறந்தவர், ஆம்ஹர்ஸ்ட் காலேஜ்ல படிக்கிறப்பவே 1969-ல 'தி ட்ரீம் என்ஜின்'னு ஒரு ராக் நாடகம் போட்டாரு, ஜெர்மன் இசையமைப்பாளர் வாக்னரோட ஓபரா, அதாவது இசை நாடகம்னா உசுரு. நியூயார்க் நாடகங்கள்ல வேலை பாக்குறப்பதான் மீட் லோஃப்ங்கிற அந்த பெரிய குரல்காரரைப் பிடிச்சாரு. பீட்டர் பேன் கதையை வச்சு ஒரு மியூசிக்கல் எழுதிட்டு இருந்தாரு, அதுல இருந்து வந்த பாட்டுங்கதான் 1977-ல 'பேட் அவுட் ஆஃப் ஹெல்' ஆல்பம் ஆச்சு. அதுக்கு முன்னாடி ரெக்கார்டு கம்பெனி கம்பெனியா ஏறி இறங்கி எல்லாரும் வேணாம்னுட்டாங்க. ஏழே பாட்டு, டைட்டில் பாட்டு மட்டும் கிட்டத்தட்ட 10 நிமிஷம்.

அந்தப் பாட்டுல பைக்ல போற ஹீரோ ஆக்சிடென்ட் ஆகுற இடத்துக்கு முன்னாடி பைக் உறுமும், அது பைக்கே இல்ல, ப்ரொட்யூஸர் டாட் ரண்ட்கிரென் கிடார்லயே பண்ணினது. எப்படி முடியுதுன்னா, ரெண்டு சிலிண்டர் ஃபோர் ஸ்ட்ரோக் என்ஜின் 3,000 ஆர்பிஎம்ல, அதாவது நிமிஷத்துக்கு 3,000 சுத்துல ஓடினா செகண்டுக்கு 50 தடவை பெட்ரோல் வெடிக்கும், அதுவே ஒரு 50 ஹெர்ட்ஸ் (செகண்டுக்கு 50 அதிர்வு) ஸ்வரம். கிடாரோட அடித் தந்தி 82 ஹெர்ட்ஸ், அதே என்ஜினை 5,000 கிட்ட முறுக்கினா அங்க வந்துடும். டிஸ்டார்ஷன், அதாவது கிடார் சத்தத்தை வேணும்னே கரகரப்பாக்குற எஃபெக்ட் போட்டா, ஒலி அலையோட தலை வெட்டுப்பட்டு அடி ஸ்வரத்துக்கு மேல இருக்குற கூடுதல் ஸ்வரங்கள் கொட்டும், என்ஜின் கரகரப்புலயும் அதேதான் இருக்கு. ஸ்வரத்தை மேல இழுத்தா ஆக்ஸிலரேட்டர் முறுக்கின மாதிரியே காதுக்குக் கேக்கும்.

சத்தத்துலயும் ஒரு கணக்கு இருக்கு. சத்தத்தை அளக்குற அளவு டெசிபல், அதுல 10 கூட்டினா சக்தி 10 மடங்கு, ஆனா காதுக்கு ரெண்டு மடங்கு மாதிரிதான் தோணும். ரெக்கார்டுல ஒரு உச்ச அளவுக்கு மேல ஏத்தவும் முடியாது, அப்ப பெருசா கேக்கணும்னா அதுக்கு முன்னாடி வர்றதை சின்னதா வைக்கணும், வேற வழியே இல்ல. அதனாலதான் 'டோட்டல் எக்லிப்ஸ்' ஆரம்பத்துல அந்த ஒத்தைப் பியானோ. அப்புறம் ஸ்டைன்மேன் குரல் மேல குரல் அடுக்குவாரு. ஒருத்தர் 440 ஹெர்ட்ஸ் இன்னொருத்தர் 442 பாடினா செகண்டுக்கு ரெண்டு தடவை சத்தம் ஏறி இறங்கும். இப்படி பல குரல் சின்னச் சின்ன வித்தியாசத்தோட சேர்ந்தா காதால பிரிச்சு எண்ண முடியாது, கூட்டமாத்தான் கேக்கும்.

1983 அக்டோபர்ல அமெரிக்க பில்போர்ட் ஹிட் பாட்டு லிஸ்ட்ல முதல் இடத்துல பானி டைலர் பாட்டு, ரெண்டாவது இடத்துல ஏர் சப்ளைங்கிற பேண்டோட பாட்டு, ரெண்டும் ஸ்டைன்மேன் எழுதினது. பத்து வருஷம் கழிச்சு 1993-ல மீட் லோஃப் பாடின 'ஐ வுட் டூ எனிதிங் ஃபார் லவ்' ஆல்பத்துல 12 நிமிஷம், அதுல பொண்ணோட குரலே 9 நிமிஷம் தாண்டித்தான் வரும். ரேடியோவுக்காக பாதிக்கும் கீழ வெட்டின வெர்ஷனை தயவு செஞ்சு கேக்காதீங்க, காத்திருக்கிற பகுதியைத்தானே வெட்டி எடுத்துட்டாங்க, மிச்சம் என்ன இருக்கு.

2021 ஏப்ரல்ல அவர் இறந்தாரு. 'டோட்டல் எக்லிப்ஸ்' பாட்டோட மெட்டை 1997-ல வியன்னால போட்ட தன்னோட ரத்தக்காட்டேரி மியூசிக்கல்ல ஜெர்மன் வரிகளோட வச்சிருந்தாரு, அங்க அது ஒரு பொண்ணும் அவளை இருட்டுக்குக் கூப்பிடுற காட்டேரிப் பிரபுவும் மேடைல நேருக்கு நேர் நின்னு பாடுற டூயட்.